பட்டனுக்குக் கால்சட்டை

படம் ஓடி முடிவதற்கு பைப்பில் அடைத்த புகையிலை எரிந்து அணையும் நேரம்கூட ஆகாது. அதை நாலு பேருக்குப் போட்டுக் காட்ட அனுமதி வாங்குவதற்குள் ஓரன் டிப்பெட்டுக்கு ஒரு கோடைகாலம் முழுசாகப் போயிற்று. கிரெஸ்லி ஊரின் மேப்பிள் மரங்களும் இலை உதிர்த்து மொட்டையாகி நின்றன.

ஓரன் அந்த ஊரில் போட்டோ ஸ்டுடியோ வைத்திருந்தான். கல்யாண ஜோடிகள், ஞானஸ்நானக் குழந்தைகள், கண்காட்சியில் பரிசு வாங்கிய பன்றிகள் என்று வாடிக்கை. பன்றிகளைத் தவிர மற்ற எல்லாரிடமும் "சிரிக்காதீங்க, ஆடாதீங்க" என்று சொல்லியே பதினைந்து வருஷம் ஓட்டிவிட்டான். ஒருநாள் அவனுக்கே வெறுத்துப்போய், சிரிக்கிற முகங்களையும் ஆடுகிற ஆட்களையும் பிடிக்கலாமே என்று யாரோ விற்றுவிட்டுப் போன சினிமா கேமரா ஒன்றை வாங்கிப் போட்டான். அது 1916ஆம் வருஷம். படங்களுக்கு வாய் முளைத்திருக்கவில்லை. கொட்டகையில் பியானோதான் பேசும்.

அவன் மனைவி டெல்லா கல்யாணத்துக்கு முன்னால் ஊர் ஊராகப் போகும் நாடகக் கோஷ்டியில் இருந்தவள். அவளுடைய வேலை விழுவது. நாற்காலியிலிருந்து, ஏணியிலிருந்து, சமயத்தில் ஒன்றுமில்லாத இடத்திலிருந்துகூட அவள் விழுவாள், கொட்டகை அதிரும். கல்யாணமாகி ஸ்டுடியோ வாசலில், வாடிக்கைக்காரர்கள் படத்துக்குப் போட்டுக்கொள்ளும் தொப்பிகளுக்குத் தூசி தட்டிக்கொண்டு உட்கார்ந்த பிறகு அவளுக்கு நகை மேலோ பட்டுத்துணிகள் மேலோ ஏக்கம் வந்ததில்லை. நிறைந்த கொட்டகை ஒரே மூச்சில் சிரிக்கும் சத்தத்தை ஒரு தடவை இன்னும் கேட்க வேண்டும், அவ்வளவுதான். அதை அவள் சொன்னதுகூடக் கிடையாது. ஓரனுக்குத் தெரியும்.

ஆகவே படம் எடுத்தார்கள். காதலன் ஓரன், காதலி டெல்லா. வில்லன் அவர்கள் வீட்டு நாய் பட்டன். ஒரு காது பழுப்பு, மறு காது வெள்ளை, சாதி என்னவென்று யாருக்கும் தெரியாது. கேமராவின் கைப்பிடியைச் சுற்றியது கொட்டகைக்காரர் ஹெர்மன் ஷ்வெங்க். சிரிப்பு வந்தால் அவர் கை தளர்ந்து மெதுவாகச் சுற்றும்; மெதுவாகச் சுற்றி எடுத்தது திரையில் வேகமாக ஓடும். அதனால் வேடிக்கையான இடங்களிலெல்லாம் திரையில் படம் தானாகவே தலைதெறிக்க ஓடியது.

கதை இதுதான். பூங்காப் பலகையில் காதலி உட்கார்ந்திருக்கிறாள். மோதிரத்தைக் கால்சட்டைப் பையில் வைத்துக்கொண்டு காதலன் வருகிறான். அவன் மண்டியிட்டதும் பட்டன் பின்னாலிருந்து கால்சட்டையைக் கவ்வுகிறது. வார் அறுகிறது. கால்சட்டையும் மோதிரமும் நாயோடு போகின்றன. அவளுடைய குடையை இடுப்பில் விரித்துப் பிடித்துக்கொண்டு அவன் ஓட, அவள் ஓட, இரண்டு பேரும் வாத்துக் குளத்தில் விழுகிறார்கள். கரையில் பட்டன் கால்சட்டையை உதறுகிறது, மோதிரம் விழுகிறது. இடுப்பளவு தண்ணீரில் முத்தம். பட்டன் நீந்திவந்து இருவர் முகத்தையும் நக்குகிறது. முடிந்தது.

"என் கொட்டகையில இதைப் போட்டா கூரை பிச்சுக்கும்," என்றார் ஷ்வெங்க். "ஆனா ஓரன், சபை முத்திரை வேணும். அது இல்லாம ஒரு தவளை குதிக்கிற படத்தைக்கூட நான் ஓட்ட முடியாது."

சபை என்றால் மாநிலத் திரைப்பட நல்லொழுக்கச் சபை. தலைநகரில் பளிங்குத் தூண் வைத்த கட்டடத்தில் இருந்தது. படச்சுருள் தீப்பற்றும் சரக்கு என்பதால் ரயில் கார்டு ஓரனைப் பயணிகளோடு உட்கார விடவில்லை. சரக்குப் பெட்டியில், கோழிக் கூண்டுகளுக்கு நடுவே, தகரப் பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு போய்ச் சேர்ந்தான்.

சபையில் மூன்று பேர். தலைவர் தார்ன்பரி, ஓய்வுபெற்ற நீதிபதி; கன்னங்களின் இரண்டு பக்கமும் நரைத்த கிருதா தோள்வரை இறங்கும். தூய்மைச் சங்கத்தின் சார்பில் மிஸஸ் லவீனியா கிரல். அறிவியலின் சார்பில் பேராசிரியர் மோஸ்க். அவர் கையில் எப்போதும் ஓர் அடிக்கோல் இருக்கும்.

திரைச்சீலைகளை இழுத்துவிட்டுப் படம் போட்டார்கள். யாரும் சிரிக்கவில்லை. கால்சட்டை போன இடத்தில் மிஸஸ் கிரல் கைக்குட்டையை வாயில் அழுத்திக்கொண்டார். அவர் தோள்கள் குலுங்கின. கோபத்தில் நடுங்குகிறார் என்று நினைத்து ஓரன் பயந்துபோனான்.

"அந்த இடத்தை இன்னொரு தடவை போடுங்க," என்றார் நீதிபதி.

போட்டார்கள்.

"எனக்கு இன்னும் சரியாப் பிடிபடலை. இன்னொரு தடவை."

மறுபடியும் போட்டார்கள். அதற்குப் பிறகு பேராசிரியருக்கு ஒரு சந்தேகம் வந்தது. அவருக்காக ஒரு தடவை. கடைசியில் விளக்கைப் போட்டபோது மூன்று முகங்களும் சிவந்திருந்தன.

நீதிபதி தொண்டையைச் செருமினார். "மிஸ்டர் டிப்பெட், நாங்க கலைக்கு விரோதிங்க இல்ல. இந்தக் கண்ராவியை இப்ப நான் நாலு தடவை பார்த்தேன். என்னைக் கெடுத்துச்சா? இல்ல. ஏன்னா எனக்கு வயசாயிடுச்சு, சட்டம் படிச்சிருக்கேன். வேணும்னா இன்னும் நாப்பது தடவைகூடப் பார்ப்பேன். ஆனா ஒரு தொப்பிக் கடைப் பொண்ணு ஒரே ஒரு தடவை பார்த்தா என்ன ஆகும்? யோசிச்சீங்களா?"

"சிரிப்பாங்கன்னு நினைச்சேனுங்க," என்றான் ஓரன்.

"அதேதான்!" என்றார் நீதிபதி. மற்ற இருவரும் வருத்தத்தோடு தலையை ஆட்டினார்கள்.

பேராசிரியர் முத்தக் காட்சியின் சுருளை மேஜைமேல் விரித்து அடிக்கோலை வைத்தார். "முத்தத்துக்கு மூணடி வரைக்கும் அனுமதி. இது பதினோரு அடி இருக்கு. ஏன் இவ்வளவு நீளம்?"

"ஷ்வெங்க் சுத்தறதை நிறுத்த மறந்துட்டாருங்க."

"அந்தப் பொண்ணு யாரு?"

"என் சம்சாரம்."

அறையில் ஒரு சின்னச் சலசலப்பு. மிஸஸ் கிரலின் முகம் கொஞ்சம் இளகியது. "அதைப் படத்துல எங்கேயும் சொல்லலையே. பார்க்கிற ஜனங்க கண்டவனும் கண்டவளும்னு இல்ல நினைப்பாங்க? ஓர் எழுத்து அட்டை போடுங்க. 'இவ்விருவரும் முறைப்படி மணந்துகொண்டவர்கள்'னு."

"போட்டுடறேனுங்க அம்மா."

"பொறுங்க," என்றார் நீதிபதி. முப்பது வருஷம் வழக்குக் கேட்டவர். "அப்படிப் போட்டா என்ன அர்த்தம் ஆகுது? கல்யாணமான ஒருத்தன் பூங்காவுல ஒரு பொண்ணு முன்னால மண்டி போட்டு மோதிரம் நீட்டறான். இது இன்னும் மோசம்."

"அந்தப் பொண்ணுதாங்க அவன் சம்சாரம்."

"அப்ப எதுக்கு மறுபடியும் கேட்கிறான்? முதல் கல்யாணம் செல்லாதா?"

அது செல்லும் என்றுதான் ஓரன் இத்தனை நாள் நினைத்திருந்தான்.

மோதிரம் போயிற்று. மண்டியிடுவது போயிற்று. முத்தத்தில் எட்டடி போயிற்று. மிச்சம் மூன்றடியைத் தனியாகப் பார்த்தால் காரணமில்லாமல் முத்தமிடுவதுபோல் தெரிகிறது என்று அதுவும் போயிற்று. வெட்டிய துண்டுகளை நீதிபதியே பொறுக்கி ஒரு தகர டப்பாவில் போட்டுப் பூட்டினார்.

"அதை நான் எடுத்துட்டுப் போகலாங்களா?"

"கூடாது. ஆபத்தான பொருள். சபை ஆராய்ச்சிக்கு வேணும்."

ஓரன் தொப்பியை எடுத்துக்கொண்டு எழுந்தபோது மிஸஸ் கிரல் கையை உயர்த்தினார். "இதைச் சொல்ல எனக்கே கூச்சமா இருக்கு. ஆனா யாராவது சொல்லித்தானே ஆகணும். அந்த நாய், படம் முழுக்க, ஒண்ணுமே உடுத்தலை."

"அது நாய்ங்கம்மா."

"தெருவுல திரியற வரைக்கும் நாய். திரையில வந்துட்டா அது நடிகர். நடிகருக்கு உண்டான மரியாதையோட வரட்டும்."

திரும்பும் ரயிலிலும் அதே சரக்குப் பெட்டி. கோழிகள் மட்டும் வேறு.

டெல்லா எல்லாவற்றையும் கேட்டாள். பிறகு தன் பழைய கட்டம்போட்ட பாவாடையைக் கிழித்து நாய்க்குக் கால்சட்டை தைக்க உட்கார்ந்தாள். வால் வெளியே வர ஓட்டை வைப்பதா வேண்டாமா என்று இரண்டு பேருக்கும் வாக்குவாதம் வந்தது.

"ஓட்டை வெச்சா அந்தம்மா அதுக்கும் ஏதாவது சொல்லும்," என்றான் ஓரன்.

"வைக்கலேன்னா இவன் வாலை எங்க வெச்சுப்பான்? உன் பையிலயா?"

ஓட்டை வைத்தாள். பட்டன் கால்சட்டையை மாட்டிக்கொண்டு ஓர் அடிகூட எடுத்து வைக்காமல், வரி கட்டச் சொன்னதுபோல அவர்களைப் பார்த்தது. அன்றைக்கு முழுக்க ஷ்வெங்க் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே நின்றார். கடைசியில் நாய் சிரமப்பட்டுப் பின்னால் திரும்பி, தன் கால்சட்டையைத் தானே பல்லால் கழற்றிப் போட்டுவிட்டுப் புதருக்குள் போயிற்று. சுருள் தீர்ந்துபோயிருந்ததால் அதையே கொண்டுபோனான் ஓரன்.

"ஆடை களைதல்," என்று குறித்துக்கொண்டார் பேராசிரியர். மூன்று தடவை போட்டுப் பார்த்த பிறகு அதையும் வெட்டி டப்பாவில் போட்டார்கள். "அதுமட்டும் இல்ல மிஸ்டர் டிப்பெட்," என்றார் நீதிபதி. "இந்தக் கதையில திருட்டு நடக்குது. அடுத்தவன் கால்சட்டையை எடுத்துட்டு ஓடறதுக்குப் பேரு திருட்டுதானே? குற்றவாளி கடைசிவரைக்கும் சந்தோஷமா இருக்கான். தண்டனை எங்கே? மனம் திருந்தறது எங்கே?"

"நாய் எப்படிங்க மனம் திருந்தும்?"

"அது டைரக்டரோட வேலை. அதுல நாங்க தலையிடறதில்லை."

அக்டோபர் குளிரில் தேவாலயப் படிக்கட்டில் வைத்துப் பட்டனை மனம் திருந்த வைத்தார்கள். முழு உடுப்பு: கால்சட்டை, வெயிஸ்ட்கோட், கழுத்தில் வெள்ளைப் பட்டி. டெல்லா கேமராவுக்குப் பின்னால் ஓர் எலும்பைத் தரையில் வைக்க, நாய் தலையைக் குனிந்து அதையே கண் கலங்கப் பார்த்துக்கொண்டிருந்தது. ஓரன் எடுத்த படங்களிலேயே இவ்வளவு உருக்கமான முகம் வேறு எதிலும் விழுந்ததில்லை. முத்தம் போன குளத்துக் காட்சியையும் அன்றே திரும்ப எடுத்தார்கள்; டெல்லா மறுபடியும் இரண்டு தடவை விழுந்து, ஒரு வாரம் மார்ச்சளியோடு படுத்தாள். "பரவால்ல," என்றாள் இருமலுக்கு நடுவே. "அந்த ரெண்டாவது விழுந்தது நல்லா வந்திருக்கும். பாரு, சிரிப்பாங்க."

மூன்றாம் முறை ஓரன் சபைக்குப் போய்ப் படத்தைப் போட்டான். படிக்கட்டில், வெயிஸ்ட்கோட் போட்டுக்கொண்டு, இரண்டு பக்கமும் காதுகள் கிருதாபோலத் தொங்க, பட்டன் ஆழ்ந்த துக்கத்தோடு சபையைப் பார்த்தது.

"இது யாரையோ ஞாபகப்படுத்துது," என்றார் மிஸஸ் கிரல். சொன்ன பிறகுதான் யாரை என்று அவருக்குத் தெரிந்தது போலும். சட்டென்று வாயை மூடிக்கொண்டார். பேராசிரியர் நீதிபதியின் முகத்தைப் பார்த்தார். பிறகு கூரையைப் பார்த்தார்.

நீதிபதி நிமிர்ந்தார். "கவர்னர்," என்றார் கடுமையாக. "இந்த ஆள் நம்ம கவர்னரைக் கேலி பண்ணியிருக்கான்."

"ஆமா ஆமா, கவர்னரேதான்!" என்றார்கள் மற்ற இருவரும், பெருமூச்சு விட்டு. கவர்னருக்குக் கிருதாவே கிடையாது.

நாய் வரும் இடமெல்லாம் வெட்டப்பட்டது. நாய் இல்லாததால், காரணமில்லாமல் ஓடும் காதலனும் காதலியும் புத்தி சரியில்லாதவர்களைப் புண்படுத்துகிறார்கள் என்று அவர்களும் வெட்டப்பட்டார்கள். டெல்லா இரண்டாவது தடவை விழுந்தது மட்டும் நன்றாக இருக்கிறது என்று பேராசிரியர் ஒப்புக்கொண்டார். "அதனாலதான் வெட்ட வேண்டியிருக்கு. சாதாரணமா விழுந்திருந்தா விட்டிருப்போம்."

மிஞ்சியதற்கு முத்திரை கிடைத்தது. ஓரன் அசதியோடு தகரப் பெட்டியை மூடினான். நீதிபதி கைகுலுக்கி, "பார்த்தீங்களா? பொறுமையா இருந்தா எல்லாம் நல்லபடியா முடியுது," என்றார்.

சனிக்கிழமை சாயங்காலம் ஷ்வெங்கின் கொட்டகை நிரம்பி வழிந்தது. நாய்ப் படம் என்று ஊரெல்லாம் பேச்சு. டெல்லா புதுத் தொப்பி போட்டு, வக்கீல் வீட்டம்மாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தாள். முதலில் சபையின் சான்றிதழ் திரையில் வந்தது. மூன்று பேரின் பெயர்கள், பட்டங்கள், சட்டத்தின் பிரிவு, கழுகு முத்திரை. எழுத்துக்கூட்டிப் படிப்பவர்களும் படித்து முடிக்கும்வரை அது நின்றது. பிறகு காலியான பூங்காப் பலகை. ஓரன் வந்து தொப்பியைக் கழற்றினான். குளத்தில் மூன்று வாத்துகள் இடமிருந்து வலமாகப் போயின. 'அனைத்தும் இனிதே முடிந்தது' என்று எழுத்து அட்டை. விளக்கு எரிந்தது.

பியானோ வாசிப்பவர் முதல் சுரத்தை அப்போதுதான் வைத்திருந்தார்.

"வாத்து நல்லா நடிச்சுது," என்று பின்வரிசையிலிருந்து ஒருவன் சொன்னான். அதற்குத்தான் நாலைந்து பேர் சிரித்தார்கள். வக்கீல் வீட்டம்மா டெல்லாவின் கையைத் தட்டி, "ரொம்ப நாகரிகமா இருந்துச்சு," என்றார். டெல்லா நன்றி சொன்னாள். வீட்டுக்குப் போனதும் தொப்பியைக் கழற்றி டப்பாவில் வைத்துவிட்டு, பட்டனின் கழுத்தைத் தடவிக்கொண்டு உட்கார்ந்தாள்.

சில வாரம் கழித்துச் சபையிலிருந்து ஆள் வந்தது. தலைநகரின் பெரிய ஹோட்டலில் சபையின் வருடாந்திர மதிய விருந்து. புரொஜெக்டர் ஓட்டுபவருக்கு உடம்பு சரியில்லை. மெஷின் தெரிந்த, ஒழுக்கமான ஆள் வேண்டும். மிஸ்டர் டிப்பெட்டின் பெயரை மூன்று பேருமே சொன்னார்கள். ஓரனுக்குப் போக விருப்பமில்லை. மறுப்பதற்கும் தெம்பில்லை. போனான்.

பாதிரியார்கள், செனட்டர்கள், வங்கிக்காரர்கள், அவர்கள் வீட்டுப் பெண்கள் என்று கூடம் நிறைந்திருந்தது. வறுத்த வாத்தும் ஆப்பிள் பலகாரமும் ஆனபின் நீதிபதி எழுந்தார்.

"பெரியோர்களே, தாய்மார்களே! மக்களை எதிலிருந்து காப்பாத்தறோம்னு நீங்க அடிக்கடி கேட்கிறீங்க. இந்த வருஷம் நாங்க தடுத்து நிறுத்தின தீமைகள்லயே பெரிய தீமையை இப்ப உங்க கண்ணால பாருங்க. உறுதியான மனசு உள்ளவங்க மட்டும் இருங்க. மத்தவங்க எழுந்து போகலாம்."

ஒருவரும் எழுந்து போகவில்லை. பின்னால் நின்றிருந்த சிலர் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார்கள்.

ஓரனின் கையில் ஒரு சுருளைக் கொடுத்தார்கள். மெஷினில் மாட்டிச் சுற்ற ஆரம்பித்தான். மண்டியிட்டது அவனேதான். வெட்டியதெல்லாம் ஒன்று விடாமல், வரிசை தவறாமல், பேராசிரியரின் அடிக்கோல் சுத்தத்தோடு ஒட்டப்பட்டிருந்தது. கால்சட்டை போன காட்சி மூன்று தடவை வந்தது; சபைக்குப் பிடித்த இடம் என்று பிரதி எடுத்து ஒட்டியிருந்தார்கள்.

முதலில் ஒரு செனட்டர்தான் இருமினார். அது இருமல் இல்லை என்று அடுத்த நொடி தெரிந்தது. குடை விரிந்தபோது கூடம் உடைந்தது. பாதிரியார் ஒருவர் மேஜைமேல் தலையைக் கவிழ்த்து மேஜையைக் குத்தினார். மிஸஸ் கிரலின் கைக்குட்டை தரையில் கிடந்தது, அவர் இரண்டு கையாலும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு, "ஐயோ அந்த நாய்! ஐயோ அந்த நாய்!" என்று அலறினார். பட்டன் வெயிஸ்ட்கோட்டோடு மனம் திருந்தியபோது எல்லாரும் நீதிபதியைத் திரும்பிப் பார்த்தார்கள், நீதிபதியும் சிரித்தார். கவர்னரை நினைத்துக்கொண்டிருக்க வேண்டும். டெல்லா இரண்டாவது முறை விழுந்தபோது தூக்கிவாரிப்போட்டதுபோல் ஒரு சத்தம் எழும்பிச் சரவிளக்கு ஆடியது. ஓரனின் கை தளரப் பார்த்தது. பல்லைக் கடித்துக்கொண்டு ஒரே சீராகச் சுற்றினான். அவன் மட்டும்தான் அங்கே சிரிக்கவில்லை.

நீதிபதி கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்தார். "பார்த்தீங்க இல்ல? இதுக்கெல்லாம் ஜனங்க சிரிச்சிருந்தா நாடு என்ன ஆகும்?"

கைதட்டல் அடங்க நேரமாயிற்று.

சுருளை டப்பாவில் வைத்துக்கொண்டிருந்த ஓரனிடம் மூன்று பேரும் வந்தார்கள். "மிஸ்டர் டிப்பெட்," என்றார் பேராசிரியர், "சபை ஒரு தீர்மானம் போட்டிருக்கு. எங்க வேலைக்குப் பயிற்சி முக்கியம். வர்ற படங்கள்ல வெட்டத் தகுதியான சரக்கு குறைஞ்சுட்டே வருது. அடுத்த வருஷ விருந்துக்கு நீங்களே ஒண்ணு எடுத்துக் குடுங்க. செலவு எங்களோடது."

"என்ன மாதிரி எடுக்கணுங்க?"

மிஸஸ் கிரல் குரலைத் தாழ்த்தினார். "உங்க இஷ்டம்போல. எதையும் மனசுல அடக்கிக்காதீங்க. நாய் மட்டும் அதேதான் வேணும். கால்சட்டை வேண்டாம், பாவம், அதுக்குக் கஷ்டமா இருக்கு."

"ஊர்ல காட்டலாங்களா?"

மூவரும் அவனை இரக்கத்தோடு பார்த்தார்கள். "அதெப்படி முடியும்?" என்றார் நீதிபதி.

ஓரன் வீடு வந்தபோது டெல்லா அடுப்பில் பீன்ஸ் கிளறிக்கொண்டிருந்தாள். வெளியே வெளிச்சம் இன்னும் மிச்சமிருந்தது. கோட்டைக்கூடக் கழற்றாமல் நாற்காலியில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னான். அவள் கிளறுவதை நிறுத்தினாள்.

"சிரிச்சாங்களா?"

"சிரிச்சாங்க."

"எல்லாருமா?"

"சரவிளக்கு ஆடுச்சு டெல்லா."

"எந்த இடத்துல?"

"நீ ரெண்டாவது தடவை விழுந்தியே, அங்க."

அவள் திரும்பி அடுப்பைப் பார்த்தபடி நின்றாள். அழுகிறாளா என்று அவனுக்குத் தெரியவில்லை. பீன்ஸ் அடிப்பிடிக்கும் வாசனை வந்தது.

"எவ்வளவு பேர் இருந்தாங்க?" என்றாள்.

"நிறையப் பேர். எல்லாம் பெரிய மனுஷங்க."

"நம்ம ஊர் ஆளுங்க மாதிரி சிரிக்கத் தெரியுதா அவங்களுக்கு?"

"நல்லாவே தெரியுது. பயங்கரமா சிரிக்கிறாங்க."

டெல்லா பாத்திரத்தை இறக்கி வைத்தாள். முன்கையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு எதிரே வந்து உட்கார்ந்தாள்.

"எடுக்கலாம்," என்றாள். "இந்தத் தடவை நான் ஏணியிலிருந்து விழறேன். அப்புறம், பட்டன் ஒரு நீதிபதியைக் கடிக்கட்டும்."

"நீதிபதியையா? விடுவாங்களா?"

"விடமாட்டாங்க. வெட்டிடுவாங்க," என்றாள் டெல்லா. "வெட்டினாத்தானே பார்ப்பாங்க."